சாமி வெளியே வரும் வரை

"மூன்று நிமிடம். மர்மமாக இருக்க வேண்டும். திரும்பத் திரும்ப ஓடினாலும் சலிக்கக் கூடாது. முந்நூறு வருஷப் பழைய சடங்குப் பாட்டு என்று ஆடுகிறவர் நம்ப வேண்டும்." எனக்கு வந்த வேலைக் குறிப்பு இந்த நாலே வரிதான். கூடவே ஒரு படம். வற்றிப்போன ஓர் உப்பு ஏரி. அதன் அடியிலிருந்து கரைமேட்டு ஊர் வரை பாறையில் வெட்டிய படிகள். இருட்டில் படியேறி வரும் ஒரு சின்ன விளக்கு. அப்படி ஓர் ஏரி பூமியில் எங்கும் இல்லை. ஒரு கணினி விளையாட்டுக்காக யாரோ கற்பனையில் கட்டிய ஊர் அது. வருஷத்தில் ஒரு ராத்திரி அந்த விளக்கை மேலே கொண்டுவருவார்களாம். அந்த ஊர்வலத்துக்குத்தான் இசை வேண்டும்.

சாலிகிராமத்தில் ஒரு மொட்டைமாடி அறையில் பதினெட்டு வருஷமாகக் கீபோர்டு புரோகிராமிங் செய்து பிழைக்கிறவன் நான். சினிமா, விளம்பரம், பக்தி ஆல்பம் என்று எது வந்தாலும் செய்வேன். 'கொஞ்சம் அமானுஷ்யமா போடுங்க' என்று யாராவது சொன்னால் மூளையைக் கேட்காமலே கை போய்விடும். இதற்கும் அப்படித்தான் போனது. அடியில் நீளமாக ஒரு சுருதி. அதன்மேல் ஷட்ஜமும் சுத்த ரிஷபமும் உரசிக்கொள்ளும் ஒரு சின்னப் பிடி. 'கிளாடியேட்டர்' படத்தில் (2000) ஆர்மீனியாவின் ஜீவன் காஸ்பரியான் டுடுக் ஊதினாரே, அந்தச் சோகக் குழலின் சாம்பிள் ஒன்று. லத்தீன் மாதிரி ஒலிக்கும், ஆனால் எந்த மொழியிலும் இல்லாத சொற்களை முழங்கும் ஆண் குரல்கள். குகைக்குள் அடித்தது போல் எதிரொலிக்கும் பெரிய முரசு. ஒரே ராத்திரியில் முடித்து அனுப்பிவிட்டு, காலையில் பணம் வந்துவிடும் என்ற நினைப்பில் தூங்கினேன்.

பெங்களூரில் இருந்த ஒலி இயக்குநர் என்னைவிடப் பத்து வயது இளைய பெண். இரண்டு தடவை கேட்டுவிட்டுப் பேசினார். "நல்லா இருக்கு சார். ஆனா இதை அந்த ஊர்ல யாரு வாசிக்கிறாங்க?"

எனக்குக் கேள்வி புரியவில்லை.

"அந்தக் குழல் எந்த மரத்துல செஞ்சது? அங்க மரமே கிடையாதே சார். முரசுக்குத் தோல் வேணும். மாடு எங்கருந்து வந்துச்சு? முப்பது பேர் பாடுறாங்க. அந்தப் படியில அகலமா நின்னா மூணு பேருக்கு மேல நிக்க முடியாது."

போனை வைத்தபின் வெகுநேரம் அந்தப் படத்தையே பார்த்துக்கொண்டிருந்தேன். கோபம்தான் முதலில் வந்தது. இல்லாத ஊருக்கு மாட்டுக் கணக்கு எதற்கு?

அந்த வாரம் முழுக்க, இதற்கு முன்னால் இப்படி வேலை செய்தவர்களை உட்கார்ந்து கேட்டேன். ஜப்பானின் நொபுவோ உவேமட்சு 2001-இல் 'ஃபைனல் ஃபேண்டஸி 10' விளையாட்டுக்குச் செய்த துதிப்பாட்டில்தான் முதலில் மாட்டிக்கொண்டேன். பக்கவாத்தியம் கிடையாது. வெறும் குரல். அந்த விளையாட்டில் பல கோயில்கள் வரும். ஒவ்வொரு கோயிலிலும் அதே மெட்டு வேறொரு குரலில் கேட்கும். ஓரிடத்தில் குழந்தை, இன்னோரிடத்தில் ஆண், பிறகு பெண். பாட்டுக்கு அந்த உலகத்துக்குள்ளேயே ஒரு வரலாறும் உண்டு. தோற்றுப்போன ஒரு நகரத்து மக்கள் எதிர்ப்புக் குரலாகப் பாடியது அது. ஜெயித்தவர்கள் முதலில் தடை செய்தார்கள். பிறகு தங்கள் மதத்தின் பாட்டாகவே எடுத்துக்கொண்டார்கள். சொற்கள் அர்த்தமில்லாமல் ஒலிக்கும். ஆனால் அந்த ஜப்பானிய அசைகளைக் கட்டம் போட்டு எழுதி வேறு திசையில் படித்தால் ஒரு வேண்டுதல் கிடைக்கும். நம் சித்திரகவிக்காரர்கள் கேட்டிருந்தால் தோளில் தட்டிக்கொடுத்திருப்பார்கள்.

'லார்டு ஆஃப் தி ரிங்ஸ்' முதல் படத்தில் மோரியா சுரங்கத்துக்கு ஹோவர்டு ஷோர் வைத்த ஆண் குரல்கள் மாவோரிகளுடையவை, பசிபிக் தீவுக்காரர்களுடையவை. டோல்கீன் உருவாக்கிய குள்ளர்களின் மொழியிலேயே பாடல் எழுதி வாங்கியிருக்கிறார்கள். 1999-இல் வந்த 'ஸ்டார் வார்ஸ்' படத்தின் வாள் சண்டைக்கு ஜான் வில்லியம்ஸ் ஒரு பழைய வெல்ஷ் கவிதையின் பகுதியைச் சமஸ்கிருதத்துக்கு மாற்றி, அந்த அசைகளைத் தம் தாளத்துக்கு ஏற்ப அடுக்கினார். 2010-இல் வந்த 'நியர்' விளையாட்டுக்கு கெய்ச்சி ஒகாபே இசையமைக்க, பாடகி எமி எவன்ஸ், இன்றைய மொழிகள் பல தலைமுறை தாண்டித் தேய்ந்து கரைந்தால் எப்படி ஒலிக்கும் என்று யோசித்துச் சொற்களைத் தாமே உண்டாக்கினார்.

கேட்கக் கேட்க ஒன்று உறைத்தது. நான் தேடியது ஒலியை. இவர்கள் ஒலிக்கு முன்னால், பாடுகிறவர் யார், அவர் வாயில் எந்தச் சொல் ஏறும் என்று தேடியிருக்கிறார்கள். அது புரிந்ததே தவிர என் ஏரிக்கு என்ன செய்வதென்று பிடிபடவில்லை. அதற்கு நான் ஊருக்குப் போக வேண்டியிருந்தது, நினைவில்தான்.

என் தாய்மாமா நாகஸ்வரக்காரர். காவிரிக் கரையில் ஒரு சிவன் கோயிலில் முறை வாசிப்பு. பத்து வயதிலிருந்து பதினாறு வயது வரை நான் அவருக்குப் பின்னால் நின்று ஒத்து ஊதினேன். ஒத்து என்பது நாகஸ்வரத்தின் உருவத்திலேயே இருக்கும் சுருதிக் குழல். அதில் ராகம் கிடையாது, ஸ்வரம் கிடையாது, ஒரே ஒலி. கன்னத்தில் காற்றைத் தேக்கிக்கொண்டு மூக்கால் மூச்சிழுக்கத் தெரிய வேண்டும், அவ்வளவுதான் வித்தை. சுருதிப்பெட்டி வந்ததும் எனக்கு விடுதலை. சென்னைக்கு ஓடிவந்தேன்.

புறப்பாட்டன்று மண்டபத்தில் சாமிக்கு அலங்காரம் நடக்கும். வாரையைத் தோளில் ஏற்ற ஸ்ரீபாதந்தாங்கிகள் தலையில் முண்டாசோடு நிற்பார்கள். தவிலில் அலாரிப்பு முடிந்ததும் மாமா மல்லாரியை எடுப்பார். மல்லாரிக்குச் சாகித்தியம் கிடையாது. கம்பீரநாட்டை ராகம், ச, க, ம, ப, நி என்று ஐந்தே ஸ்வரம். நாகஸ்வரத்தில் அந்த ஐந்தும் கருங்கல் தூண் மாதிரி நிற்கும். தீர்த்தம் கொண்டுவர ஒரு மல்லாரி, தளிகைக்கு ஒன்று, தேருக்கு ஒன்று என்று வேலைக்கு வேலை வேறு. ஒரே உருப்படியை முதல் காலத்தில் வாசித்து, அடுத்த காலத்தில் வாசித்து, திஸ்ரத்தில் திருப்பி, மறுபடி கீழே இறங்குவார்கள்.

ஒரு வருஷம், சாமி தோளில் ஏறும் நேரத்தில் மாலைக் கட்டு அவிழ்ந்துவிட்டது. குருக்கள் அதைச் சரிசெய்து முடிக்க அரைமணிக்கு மேல் ஆனது. மாமா நிறுத்தவில்லை. சுற்றிச் சுற்றி அதே மல்லாரி. ஒவ்வொரு சுற்றிலும் ஏதாவது ஒன்று மாறும். தவில் ஒரு சொல்லைத் தள்ளிப்போடும். மாமா ஓர் இடத்தில் நிஷாதத்தைக் கூடுதலாகப் பிடிப்பார். என் கன்னம் மரத்துப்போய்க் கண்ணில் நீர் வந்துவிட்டது. ஒருவழியாகச் சாமி எழுந்து, மூன்று தடவை அசைந்து, வாசலைத் தாண்டியது. அதன்பிறகுதான் மாமா தீர்மானம் என்ற முடிப்புக்கு வந்தார். முடிந்ததும் அழுவது போலக் கேட்டேன், "ஏன் மாமா, நடுவுல நிறுத்தியிருக்கலாமே?"

"சாமி வெளிய வர்ற வரைக்கும் மல்லாரி முடியாது மாப்ளே. நம்ம முடிச்சா முடியுமா அது?" என்றார் சீவாளியைத் துடைத்தபடி.

முப்பது வருஷம் கழித்து, சாலிகிராமத்து அறையில், அந்த வரியைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தேன். விளையாட்டு இசையில் இருக்கும் பெரிய சிக்கலே இதுதான். சினிமாவில் காட்சி ஒரு நிமிடம் பத்து விநாடி என்றால் அவ்வளவுதான். விளையாட்டில் ஆடுகிறவர் ஓடலாம், நிற்கலாம், நடுவில் எழுந்து தோசை சாப்பிடப் போகலாம். அதுவரை இசை காத்திருக்க வேண்டும். காத்திருப்பது தெரியவும் கூடாது. இதற்கென்றே எஃப்மாட், வைஸ் போன்ற மென்பொருள்கள் இருக்கின்றன. அவற்றைப் பழகுவதற்கு முந்தைய மாதம்தான் பணம் கட்டி ஒரு வகுப்பில் சேர்ந்திருந்தேன். அங்கே சொல்லிக்கொடுத்த எல்லாவற்றையும் நான் ஒத்துக் குழலோடு நின்றே பார்த்திருக்கிறேன் என்பது அப்போதுதான் தெரிந்தது.

இன்னொன்றும் தெரிந்தது. மல்லாரியைக் கேட்டு எனக்கு எத்தனையோ தடவை மயிர்க்கூச்செடுத்திருக்கிறது. ஆனால் மாமா என்னைச் சிலிர்க்க வைக்க வாசித்ததே இல்லை. அவர் கண் எப்போதும் வாரையின் மேல்தான். கூட்டத்துக்கு முதுகைக் காட்டிக்கொண்டுகூட வாசிப்பார். ஏற்றம் இறைக்கிறவர்கள் பாடிய ஏற்றப்பாட்டு எத்தனை சால் இறைத்தாயிற்று என்ற எண்ணிக்கையையும் சேர்த்தே சுமந்தது. சடங்கு இசைக்கும் அப்படி ஒரு வேலை இருக்கிறது. அந்த வேலை நமக்குப் பாதி தெரியும், பாதி தெரியாது. மர்மம் என்று நாம் சொல்வது அந்தத் தெரியாத பாதியைத்தான். என் முதல் வடிவத்துக்கு வேலை எதுவும் இல்லை. கேட்கிறவரைப் பார்த்துப் பயமுறுத்திக்கொண்டிருந்தது, அவ்வளவே.

அதனால் ஸ்வரத்தை மூடிவைத்துவிட்டு, ஒரு நோட்டில் சடங்கை எழுத ஆரம்பித்தேன். விளக்கு எவ்வளவு கனம்? கல்விளக்கு, நான்கு பேர் தூக்க வேண்டும். எண்ணெய் தளும்பக் கூடாது. ஆகவே எல்லோர் காலும் ஒன்றாக விழ வேண்டும். ஆகவே தாளம். அசைவு செய்கிற குழுவிடம் கேட்டேன்: ஒரு படிக்கு 0.8 விநாடி என்றார்கள். நிமிடத்துக்கு 75 அடி. நாலு நாலாக எண்ணினால் ஆவர்த்தத்தின் முதல் அடி எப்போதும் ஒரே காலில் விழும். அழுத்தமும் அந்தப் பக்கமே சேரும். ஏழாக எண்ணினால் ஒரு சுற்று வலது காலில் தொடங்கும், அடுத்தது இடது காலில். சுமக்கிறவர்கள் தாங்களே கண்டுபிடித்திருக்கக்கூடிய தாளம் மிஸ்ரம்தான் என்று முடிவு செய்தேன்.

கருவி எது? மரம் இல்லை, தோல் இல்லை. உப்பு இருக்கிறது, களிமண் இருக்கிறது, ஏரி நிரம்பியிருந்த காலத்துச் சங்கு இருக்கும். அது போதும். மானாமதுரைக் கடம் ஒன்று நண்பரிடம் கிடைத்தது. ஆனால் அது கச்சேரிக்குச் சுட்டது. நாதம் ரொம்பச் சுத்தம். தெருவில் வண்டியில் வந்த தண்ணீர்ப் பானைகளில் ஆறு வாங்கினேன். ஒவ்வொன்றிலும் வேறு வேறு அளவு தண்ணீர் விட்டு, வாயில் உள்ளங்கையால் அடித்தால் பிடிபடாத ஒரு 'டொம்' வரும். ஒரு பானையில் விரிசல் இருந்தது. அதன் ஒலிதான் கடைசியில் எனக்கு மிகவும் பிடித்தது. உப்புக்கல்லைத் துணியில் கட்டி மெதுவாக நெரித்தால் காலடிச் சத்தம். நாலு நாள் வீடு முழுக்க ஈரம்.

அடுத்தது மொழி. இதில்தான் நான் கொஞ்சம் விளையாடினேன். நாலு வரிக்கு அர்த்தத்தோடு ஒரு வேண்டுதலை எழுதினேன்: தண்ணீர் திரும்ப வரட்டும், அதுவரை இந்தத் தீ தண்ணீருக்குக் காவலாக இருக்கட்டும் என்பது மாதிரி. அதற்கென நானே சேர்த்த நாற்பது சொற்கள், சின்ன இலக்கணம். பிறகு எங்கள் குடியிருப்பில் கோலப் போட்டி நாளில் பாடும் ஐந்து பெண்களை அழைத்தேன். முதல் அக்காவுக்கு மட்டும் பாட்டைச் சொல்லிக்கொடுத்தேன். அவர் தனியறையில் இரண்டாமவருக்கு. அவர் மூன்றாமவருக்கு. எழுதிவைக்கக் கூடாது, திருத்தக் கூடாது. ஒரே பிற்பகலில் ஐந்து தலைமுறை. ஐந்தாவது அக்கா வந்து பாடியபோது என் இலக்கணம் பறந்திருந்தது. சொல்லின் வால்களெல்லாம் உதிர்ந்து, எதுகை விழுந்த இடங்களும் தாளத்தின் அழுத்தம் விழுந்த இடங்களும் மட்டும் உறுதியாக நின்றன. ஒரு சொல்லுக்குப் பதில் அவர் பாட்டியின் தாலாட்டிலிருந்து ஏதோ ஓர் அசை உள்ளே புகுந்திருந்தது. அந்த ஐந்தாம் பிரதியைத்தான் வைத்துக்கொண்டேன். சாமவேதத்தில் அர்த்தமில்லாத 'ஸ்தோபம்' அசைகள் ஏன் அவ்வளவு உறுதியாகக் காப்பாற்றப்பட்டன என்று அதற்குமுன் நான் யோசித்ததே இல்லை. அர்த்தம் இருந்தால் திருத்தத் தோன்றும். அர்த்தம் இல்லாததில் யார் கைவைப்பது?

ஒலிப்பதிவை வேறோர் இடத்தில் வைத்தேன். ஐந்து பேரையும் ஒரே மைக்கைச் சுற்றி நிறுத்தி, பாடிக்கொண்டே நின்ற இடத்தில் காலை எடுத்து வைக்கச் சொன்னேன். மூச்சு வாங்கியது, ஒருவர் சுருதி கொஞ்சம் மேலே, ஒருவர் கொஞ்சம் கீழே. அதுதான் வேண்டும். மறுநாள் கோப்புகள் வந்தன. அங்கிருந்த பொறியாளர் நல்ல மனசோடு எல்லோருடைய சுருதியையும் மென்பொருளில் நேராக்கி, மூச்சுச் சத்தத்தையெல்லாம் வெட்டி எறிந்து அனுப்பியிருந்தார். ஐந்து பெண்கள் ஒரே பெண்ணாகிவிட்டார்கள். மூலப் பதிவையும் அழித்துவிட்டாராம். "சார், ரொம்ப டல்லா இருந்துச்சு, அதான்" என்றார். பிரியாணி வாங்கிக் கொடுத்து அந்த அக்காக்களை மறுபடி அழைத்துவர என் கைக்காசு கரைந்தது. இரண்டாம் தடவை என் மொட்டைமாடியிலேயே, ராத்திரி பத்து மணிக்கு மேல், தெருநாய்களின் சம்மதத்தோடு பதிவு செய்தோம்.

கோத்த விதம் இதுதான். நான்கு அடுக்குகள்: பானை, உப்புக் காலடி, குரல், சங்கு. ஒவ்வோர் அடுக்கும் ஏழு எண்ணிக்கையில் பதினாறு ஆவர்த்தம், 112 தட்டு, 75 வேகத்தில் ஏறக்குறைய 90 விநாடி. ஆடுகிறவர் நின்றுவிட்டால் குரல் அடங்கி, பானை மட்டும் சுற்றிக்கொண்டிருக்கும். நடந்தால் குரல் திரும்ப வரும். ஆனால் நினைத்த இடத்தில் வராது, சமத்தில், அதாவது ஆவர்த்தத்தின் முதல் தட்டில்தான் வரும். படி ஏற ஏறப் பானை இரண்டாம் காலத்துக்குப் போகும். விளக்கு ஊர் வாசலைத் தாண்டினால்தான் சங்கு. அதற்குமுன் எத்தனை நேரம் ஆனாலும் தீர்மானம் கிடையாது. "மொத்தம் எவ்வளவு நேரம் சார்?" என்று நிரலாளர் கேட்டார். நேரம் இல்லை என்றேன். அவர் பட்டியலில் அந்தக் கட்டத்தைக் காலியாக விட முடியாதாம். 90 விநாடி என்று போட்டுக்கொண்டார்.

ஒலி இயக்குநர் மறுபடி இரண்டு தடவை கேட்டார். "இப்ப அவங்க யாருன்னு தெரியுது சார்" என்றார். முன்னோட்டக் காணொளி வெளியானபோது, விளம்பரக் குழு அதில் என் முதல் வடிவத்தை, டுடுக்கும் முரசும் முழங்கும் அந்த ராத்திரி வேலையை, எடுத்துப் போட்டிருந்தது. முப்பது விநாடியில் ஆளை இழுக்க அதுதான் சரியாம். எனக்கு இரண்டுக்கும் பணம் வந்தது. குறை சொல்ல வாயில்லை.

பொங்கலுக்கு ஊருக்குப் போனபோது மடிக்கணினியையும் எடுத்துப்போனேன். மாமாவுக்கு எழுபத்தாறு. முன்பற்கள் போய்ப் பத்து வருஷம் ஆகிறது. அதோடு நாகஸ்வரமும் போனது. வாத்தியம் உறையோடு அலமாரிமேல் இருக்கிறது. அவர் காதில் ஹெட்போனை மாட்டி, நான் ஆடிக்காட்டினேன். விளக்கு ஏறத் தொடங்கியது. மாமா திரையைப் பார்த்தார், முகத்தில் ஒன்றுமில்லை. தொடையில் விரல் மட்டும் மிஸ்ரம் போட்டது. வேண்டுமென்றே நடுப்படியில் நிறுத்தினேன். குரல் அடங்கிப் பானை சுற்றியது. மாமா என்னைத் திரும்பிப் பார்த்தார். மறுபடி நடந்தேன். வாசலைத் தாண்டியதும் சங்கு வந்தது. ஹெட்போனைக் கழற்றினார்.

நன்றாக இருக்கிறது என்பார் என்று காத்திருந்தேன்.

"எத்தனை படி?"

"இருநூத்திப்பத்து, மாமா."

"நாலு பேரு. கல்லு வெளக்கு." கொஞ்சம் யோசித்தார். "தோளு மாத்தவே இல்லியே மாப்ளே. ஏதாச்சும் ஒரு எடத்துல மூச்சு விட வேண்டாமா? அந்த எடத்துல பானைய நீ தாங்கிப் புடிக்கணும்ல?"

எத்தனை ராத்திரி அந்தப் படியைப் பார்த்திருப்பேன். எனக்குத் தோன்றவில்லை. அன்றைக்கே பெங்களூருக்கு எழுதினேன்: எழுபதாம் படியிலும் நூற்றி நாற்பதாம் படியிலும் ஓர் ஆவர்த்தம் நிற்க வேண்டும்; தூக்குகிறவர்கள் தோள் மாற்ற வேண்டும்; இசை நான் அனுப்புகிறேன். நிரலாளரிடமிருந்து பதில் வந்தது. வரைந்த உருவங்கள்தானே சார், அவங்களுக்குத் தோள் வலிக்குமா என்று கேட்டிருந்தார். ஒலி இயக்குநர் அதற்குக் கீழே ஒரே வரி எழுதியிருந்தார்: "வலிக்கும். வேலையில சேர்த்துக்கோங்க."

அடுத்த மாதம் வந்த புதிய பதிப்பில் விளக்கு இரண்டு இடங்களில் நிற்கிறது. ஏழு தட்டு. விரிசல் பானை மட்டும் ஒலிக்கும்.